இலவம் பஞ்சும் இளஞ்சிவப்புத் தாளும்: வருசநாட்டில் ஒரு பிரசார வேனுக்குள்

இடம் கிடைத்துவிட்டது! டிரைவர் சீட்டுக்குப் பின்னால், ஜெனரேட்டருக்கும் துண்டுப் பிரசுரக் கட்டுகளுக்கும் நடுவில், ஓர் ஆள் முழங்காலைக் கட்டிக்கொண்டு குந்துகிற அளவுக்கு இடம். 2019 ஏப்ரல் மாதம். கடமலைக்குண்டில் இன்னும் விடியவில்லை. டீக்கடை பாய்லரில் மட்டும் நெருப்பு. தேர்தல் என்றால் மேடையையும் மாலையையும்தான் எல்லோரும் பார்த்திருக்கிறோம். வேட்பாளருக்கு அரை மணி முன்னால் ஓடுகிற வேனின் வயிற்றுக்குள் என்ன நடக்கிறது என்று பார்க்க எத்தனை நாள் ஆசை! வாங்க, நீங்களும் கொஞ்சம் ஒடுங்கி உட்காருங்கள். அந்த வயரை மட்டும் மிதித்துவிடாதீர்கள், மைக் செட் அண்ணன் கொன்றே போடுவார்.

முதலில் உள்ளே என்னவெல்லாம் கிடக்கிறது, பாருங்கள். கூம்பு ஸ்பீக்கர் இரண்டு மேலே கட்டியாகிவிட்டது. கீழே டீசல் கேன், கொடிக்கம்புகள், பாதி உரித்த தேங்காய் ஒன்று (யாருடையது என்று கடைசிவரை தெரியவில்லை), முந்தாநாள் மாலையின் நார், இரட்டை இலை அச்சடித்த தொப்பிகள், இருமல் மருந்து, ஒற்றைச் செருப்பு. இத்தனைக்கும் நடுவில், பேப்பர் சுற்றி பத்திரமாக ஒரு துணிப்பை. அதன் மேல் யாரும் கை வைப்பதில்லை. ஏன் என்று அப்புறம் சொல்கிறேன்.

வேட்பாளர் ஓ.பி. ரவீந்திரநாத் குமார். தேனி நாடாளுமன்றத் தொகுதியில் அ.தி.மு.க. சார்பில், பாரதிய ஜனதா தலைமையிலான வலதுசாரிக் கூட்டணியின் வேட்பாளர். வணிகமும் விவசாயமும் தொழில், தேர்தலில் நிற்பது இதுவே முதல் முறை. அப்பா யார் என்று இந்தப் பள்ளத்தாக்கில் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. பெரியகுளத்தில் டீக்கடை நடத்தி, 1996-இல் நகராட்சித் தலைவராகி, மூன்று முறை முதலமைச்சர் நாற்காலியில் உட்கார்ந்த ஓ. பன்னீர்செல்வம், இந்தத் தேர்தல் நேரத்தில் துணை முதலமைச்சர். கல்லாவிலிருந்து கோட்டைக்குப் போன குடும்பம். எதிரே காங்கிரசின் ஈ.வி.கே.எஸ். இளங்கோவன், அ.ம.மு.க.வின் தங்க தமிழ்ச்செல்வன். 15 லட்சத்துக்கு மேல் வாக்காளர்கள். சோழவந்தான், உசிலம்பட்டியில் தொடங்கி ஆண்டிபட்டி, பெரியகுளம், போடி, கம்பம் வரை ஆறு சட்டமன்றத் தொகுதிகள். அதில் ஆண்டிபட்டித் தொகுதியின் கடைக்கோடிதான் நாம் போகப்போகிற வருசநாடு.

வண்டி கிளம்பியது. மயிலாடும்பாறை தாண்டுவதற்குள் வெயில் கண்ணாடியைத் தட்ட ஆரம்பித்துவிட்டது. இடதுபக்கம் தென்னந்தோப்பு, வலதுபக்கம் மலை. நடுவில் மூல வைகை தண்ணீர் இல்லாமல் வெறும் மணலாகக் கிடக்கிறது. வைகை பிறப்பது இந்த மலையில்தான். கீழே மதுரையில் சித்திரைத் திருவிழாவுக்கு நாள் குறித்தாயிற்று; ஏப்ரல் 18 வாக்குப்பதிவு, மறுநாள் அழகர் ஆற்றில் இறங்குகிறார். “சாமி எறங்குற ஆத்துக்குத் தலைமாடு எங்க ஊருதேன்” என்கிறார் டிரைவர், ஸ்டீயரிங்கை ஒடித்துக்கொண்டே. அதைச் சொல்லும்போது அவர் முதுகு ஓர் அங்குலம் நிமிர்ந்ததை நான் பின்னாலிருந்து பார்த்தேன்.

மைக் அண்ணனை இப்போது பார்க்கணும் நீங்கள்! காதுகுத்து, கோயில் கொடை, தேர்தல் எல்லாவற்றுக்கும் இதே தொண்டைதான். சட்டைப் பையில் பனங்கற்கண்டு, மிளகு, ஒரு சீட்டு. வலது உள்ளங்கையில் பால்பாயின்ட் பேனாவால் ஊர்ப் பெயர்: ‘தங்கம்மாள்புரம்’. பதினைந்து நிமிடத்தில் எச்சிலைத் தொட்டு அழித்து, அடுத்ததை எழுதினார்: ‘முருக்கோடை’. எதற்காம்? ஒரு நாளில் இருபது முப்பது ஊர் போகிற அசதியில், இந்த ஊரில் நின்று அந்த ஊர்ப் பெயரைச் சொல்லிவிட்டால் அவ்வளவுதான். “பேச்சுல ஆயிரம் தப்பு வரட்டும், மன்னிச்சிருவாக. ஊரு பேரு தப்பக் கூடாதுங்க” என்றார். மைக்கை அணைத்துவிட்டு அவர் பேசுகிற குரல் அத்தனை மெல்லியது. குழந்தையைத் தூங்கப் பண்ணுகிற குரல்.

இப்போது அந்தத் துணிப்பை. அது கணக்கு அண்ணனுடையது. ஊரில் அவர் இலவம்பஞ்சுக் கமிஷன் கடையில் கணக்கெழுதுகிறவர். ஒரு மாத லீவு போட்டுவிட்டு இங்கே வந்து, மறுபடி கணக்கே எழுதுகிறார்! பையைத் திறந்து எனக்குக் காட்டியபோது எனக்குத் துள்ளலாக இருந்தது. தேர்தல் ஆணையம் வகுத்த பதிவேட்டின் மாதிரி அது, மூன்று நிறத்தில் தாள்கள். வெள்ளைத் தாளில் அன்றாடச் செலவு. இளஞ்சிவப்புத் தாளில் ரொக்கம். மஞ்சள் தாளில் வங்கிக் கணக்கு. வேட்பு மனு போடுவதற்கு முன்பே வேட்பாளர் தேர்தலுக்கென்று தனியாக வங்கிக் கணக்கு தொடங்கியிருக்க வேண்டும். ஒருவருக்கு ரொக்கமாக 10,000 ரூபாய்க்கு மேல் கொடுக்கக் கூடாது. அந்தத் தேர்தலில் மொத்தச் செலவு 70 லட்சத்தைத் தாண்டக் கூடாது. பிரசாரம் முடிவதற்குள் குறைந்தது மூன்று முறை அதிகாரிகள் பதிவேட்டைப் புரட்டிப் பார்ப்பார்கள். முடிவு வந்த 30 நாளுக்குள் முழுக் கணக்கையும் ஒப்படைத்துவிட வேண்டும்.

“பஞ்சுக் கடையில மொதலாளி ஒருத்தருதேன் கணக்குப் பாப்பாரு. இங்க ஊரே பாக்குது” என்று சிரித்தார். அந்த வாக்கியத்தை என் நோட்டில் பெரிதாக எழுதிக்கொண்டேன். வியாபாரி ஒருவர் வேட்பாளர் ஆவதன் முழுக்கதையும் எனக்கு அதில் இருப்பதாகப் பட்டது. கடைக்குள் கணக்கு அவருடைய சொந்த விஷயம். மனு போட்ட நாளில் அது தெருவுக்கு வந்துவிடுகிறது. சொத்து, கடன், வழக்கு எல்லாம் பிரமாணப் பத்திரத்தில், யார் வேண்டுமானாலும் படிக்கலாம்!

வேனுக்குப் பின்னால் ஒரு ஜீப் கூடவே வருகிறதே, கவனித்தீர்களா? அதில் வீடியோ கேமராவோடு அதிகாரிகள். எத்தனை கொடி, எத்தனை நாற்காலி, எத்தனை வண்டி என்று படம் பிடித்துக்கொண்டே வருவார்கள். அவர்கள் தனியாக ஒரு நிழல் பதிவேடு வைத்திருக்கிறார்கள். அதிலும் இதிலும் கணக்கு ஒத்துப்போக வேண்டும். சிங்கராஜபுரம் பக்கம் ஒரு டீக்கடையில் இரண்டு வண்டியும் நின்றன. ஒரே பெஞ்சில் எல்லோரும் நெருக்கியடித்து உட்கார்ந்தார்கள். காசு மட்டும் தனித்தனி. “ஒரு டீ வாங்கிக் குடுத்தா என்னண்ணே?” என்று கேட்டேன். “குடுத்தா நான் அதை எழுதணும். அவரும் அதை எழுதணும். அப்பறம் ரெண்டு பேரும் சேந்து வீட்டுக்குப் போகணும்” என்றார் கணக்கு அண்ணன். கேமராக்காரத் தம்பிக்குச் சிரிப்பில் புரை ஏறிவிட்டது. அவர் தலையில் தட்டிவிட்டதும் கணக்கு அண்ணன்தான். அதை எந்தப் பதிவேட்டிலும் எழுத வேண்டியதில்லை!

அடுத்த ஊரில் வேப்பமரத்தடி. பெண்கள் ஆரத்தித் தட்டோடு வரிசையாக நிற்கிறார்கள். ஒன்பது மணிக்கு வேட்பாளர் வருவார் என்று சொல்லியிருந்தார்கள், இப்போது பதினொன்று. நாடாளுமன்ற வேட்பாளர் ஒருநாளும் சொன்ன நேரத்துக்கு வருவதில்லை, வரவும் முடியாது. ஆறு சட்டமன்றத் தொகுதியை இரண்டு வாரத்தில் சுற்றி முடிக்க வேண்டும். அந்தக் காத்திருப்பில்தான் எத்தனை காட்சிகள்! மஞ்சளும் சுண்ணாம்பும் கலந்த சிவப்புத் தண்ணீர் தட்டில் காய்ந்து காய்ந்து குறைகிறது. ஓர் அக்கா சொம்பிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றி நிரப்புகிறார். கற்பூரம் காற்றில் நிற்கமாட்டேன் என்கிறது. பள்ளிக்கூடப் பிள்ளை ஒன்று கொடிக்கட்டின் மேலேயே தூங்கிவிட்டது.

அப்புறம் இலவம் பஞ்சு! சித்திரை வெயிலில் இலவங்காய் வெடித்துப் பஞ்சு பறக்கிற பருவம். வருசநாட்டின் பெரிய விளைச்சல்களில் அதுவும் ஒன்று. ஊர் ஊருக்கு மெத்தையும் தலையணையும் இங்கிருந்துதான் கனவு காணப் போகின்றன. அந்தப் பஞ்சு மைக்கில் ஒட்டுகிறது, மாலையில் ஒட்டுகிறது, மைக் அண்ணன் மீசையில் ஒட்டுகிறது. ஒரு பாட்டி தன் ஆரத்தித் தண்ணீரில் விழுந்த பஞ்சை விரல் நுனியால் அலுங்காமல் எடுத்தார். இன்னொன்று விழுந்தது. அதையும் எடுத்தார். மூன்றாவதை விட்டுவிட்டு என்னைப் பார்த்து, “கெடக்கட்டும் ஆத்தா, நம்ம ஊரு ஆரத்தின்னு தெரியட்டும்” என்றார்.

காத்திருக்கிற நேரத்தில் பழைய கதைகள் கிளம்பின. ஆண்டிபட்டி லேசுப்பட்ட தொகுதியா? 1984-இல் எம்.ஜி.ஆர். அமெரிக்காவில், நியூயார்க்கின் புரூக்ளின் மருத்துவமனையில் படுத்திருந்தார். பிரசாரத்துக்கு ஒரு நாள்கூட வரவில்லை. மருத்துவமனையில் அவர் இருக்கிற படச்சுருளைத்தான் தமிழ்நாடு முழுக்கக் காட்டினார்கள். ஆண்டிபட்டியில் ஜெயித்தார்! 2002 இடைத்தேர்தலிலும் 2006-லும் ஜெயலலிதா இங்கேதான் நின்று வென்றார். “வராமலே ஜெயிச்ச ஆளையும் பாத்தாச்சு, வந்து தோத்த ஆளையும் பாத்தாச்சு” என்றார் திண்ணையில் இருந்த பெரியவர், வெற்றிலையை மடித்தபடி.

இந்த முறை இன்னொரு வேடிக்கையும் சேர்ந்துகொண்டது. அதே ஏப்ரல் 18-இல் ஆண்டிபட்டிக்குச் சட்டமன்ற இடைத்தேர்தலும்! தி.மு.க.வில் நிற்பது மகாராஜன், அ.தி.மு.க.வில் நிற்பது லோகிராஜன். இருவரும் கூடப்பிறந்த அண்ணன் தம்பி. வேன்கள் எதிரெதிரே வரும் குறுகலான ரோட்டில், “அண்ணன் வண்டி போகட்டும்டா, தம்பி வண்டி பொறவு போகும்” என்று டிரைவர் ஓரம் கட்டி நிறுத்தினார். எதிர் வண்டியின் டிரைவர் கையாட்டிவிட்டுப் போனார். அவர் இவருக்கு மாமன் மகனாம். முந்தாநாள் இந்த வேனின் பேட்டரி செத்தபோது இழுத்து ஸ்டார்ட் பண்ணிக் கொடுத்தவர் அவர்தானாம். கொடி வேறு, கயிறு ஒன்று.

உலகம் முழுக்க இப்படித்தானோ என்று யோசித்துக்கொண்டிருந்தேன். அமெரிக்காவில் கடையோ கம்பெனியோ நடத்தியவர் குடியரசுக் கட்சி சார்பில் பிரதிநிதிகள் சபைக்கு நிற்பது சாதாரணம். 435 இடங்கள், இரண்டு வருடத்துக்கு ஒரு தேர்தல். அங்கே வேட்பாளரின் திரைமறைவு வேறு மாதிரி. ஓர் அறையில் போனும் பட்டியலுமாக உட்கார்ந்து, மணிக்கணக்கில் நன்கொடை கேட்டே தொண்டை வற்றுவார். நம்முடைய வேட்பாளருக்குத் தொண்டை வற்றுவது தெருவில், புழுதியில், ஆளுக்கு ஆள் முகம் பார்த்து. வியாபாரம் படித்தவருக்கு இது பழகிய வேலைதான். கடை வாசலில் நிற்பவர் வாங்குவாரா மாட்டாரா என்று முகத்திலேயே படிக்கத் தெரிந்தவரல்லவா!

“வந்தாச்சு, வந்தாச்சு!” மைக் அண்ணன் ஒரே தாவலில் வேன் மேல். தப்பு முழங்குகிறது. தூங்கிய பிள்ளை எழுந்து எந்தப் பக்கம் ஓடுவது என்று தெரியாமல் சுற்றுகிறது. திறந்த ஜீப் வளைவில் திரும்பியது. எல்லோரும் முன்பக்கம் ஓட, நான் பின்பக்கம் ஓடினேன். அங்கிருந்து தெரிகிற காட்சியே தனி! முன்னால் கூப்பிய கை, வெள்ளைச் சட்டை, சிரிப்பு. பின்னாலோ, முதுகு முழுக்க ஈரம். கழுத்துக்குப் பின்னால் ரோஜா இதழ் ஒட்டிக் காய்ந்த சிவப்புத் தடம். மாலை விழுந்ததும் கழற்றி வாங்க ஓர் ஆள். கைக்குக் கை தண்ணீர் பாட்டில் தள்ள ஓர் ஆள். பிரேக் போடும்போது கம்பியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு ஜீப்பின் ஓரத்தில் தொங்க ஓர் ஆள். கழற்றிய மாலைகள் ஜீப்பின் தரையில் முழங்கால் உயரம். அதையும் கணக்கு அண்ணன் எட்டிப் பார்த்து எண்ணுகிறார், வாயசைத்துக்கொண்டே!

ஆரத்தி சுற்றியாயிற்று. பாட்டியின் பஞ்சு தட்டிலேயே மிதந்து சுற்றி வந்தது. நெற்றியில் பொட்டு. இரண்டு வாக்கியம் பேச்சு. வண்டி நகர்ந்துவிட்டது. கடிகாரத்தைப் பார்த்தேன்: ஆறே நிமிடம். இரண்டு மணி நேரக் காத்திருப்புக்கு ஆறு நிமிடம்! ஆனால் அந்தப் பெண்கள் முகத்தில் ஏமாற்றம் இல்லை. யார் பொட்டு வைத்தது, யார் தட்டில் கற்பூரம் நின்று எரிந்தது என்று அடுத்த அரை மணி நேரத்துக்குப் பேச்சு இருந்தது. அவர்களுக்கு இது கோயில் திருவிழாவின் கடைசி நாள் மாதிரி.

வருசநாடு கடைவீதிக்கு வந்தபோது சாயங்காலம். வேன் நிற்கிற இடைவெளியில் ஒரு மளிகைக் கடைக்குள் நுழைந்தேன். கல்லாவில் இருந்தவர் கடன் நோட்டைப் புரட்டிக்கொண்டிருந்தார். வாலிப்பாறை, தும்மக்குண்டு, அரசரடி என்று மலைக்கு மேலே இருக்கிற ஊர்க்காரர்களின் பெயர்கள் பக்கம் பக்கமாக. இலவம் பஞ்சு விற்றதும், தேங்காய் வெட்டு முடிந்ததும் வந்து அடைப்பார்கள். “வேட்பாளரும் வியாபாரந்தானாம், உங்க ஆளு” என்றேன். “வியாபாரின்னா நல்லதுதேன். வாங்குனதை மறக்க மாட்டான்” என்றார். பிறகு நோட்டின் கடைசிப் பக்கத்தைத் திறந்து என் பக்கம் திருப்பினார்.

அங்கே கடன்காரர் பெயர் எதுவும் இல்லை. பென்சிலில் மூன்று வரி: ‘ரயில். ரோடு. பட்டா.’ ஓட்டுக் கேட்டு வருகிற எந்தக் கட்சிக்காரரிடமும் ஊர் கேட்பது இந்த மூன்றைத்தான் என்றார். மதுரை–போடி மீட்டர் கேஜ் ரயில் அகலப்பாதைக்காக நின்றது 2010-இன் கடைசி நாளில். அன்றிலிருந்து தேனிக்கு ரயில் சத்தமே இல்லை. மலைக்கிராமங்களுக்கு ரோடு வனத்துறை எல்லையில் வந்து நின்றுவிடுகிறது. தாத்தா காலத்திலிருந்து உழுகிற நிலத்துக்குப் பட்டா இல்லை. கடைக்காரர் அதை ஒரு புலம்பலாகச் சொல்லவில்லை. வரவேண்டிய பாக்கியை வாசிக்கிற குரலில் வாசித்தார். பகல் முழுக்க எத்தனையோ மைக் கேட்டிருந்தேன். அந்த நாளின் மிக நல்ல பேச்சு இதுதான், ஸ்பீக்கர் இல்லாமல்.

இரவு பத்து மணி. சட்டப்படி மைக்கை அணைத்தாக வேண்டும். ஜெனரேட்டர் நின்ற அந்தக் கணத்தில் மலை ஒரேயடியாக அமைதியாகிவிட்டது. காதுக்குள் மட்டும் பாட்டு ஓடிக்கொண்டிருந்தது. ஆற்று மணலில் துண்டை விரித்து எல்லோரும் சாய்ந்தார்கள். புரோட்டாப் பொட்டலம் பிரிந்தது, சால்னா மணல் வரை வழிந்தது. மைக் அண்ணன் பேச்சே இல்லாமல் சைகையிலேயே வெங்காயம் கேட்டார். நாளைக்கான தொண்டையைச் சேமிக்கிறாராம். கணக்கு அண்ணன் செல்போன் வெளிச்சத்தில் இளஞ்சிவப்புத் தாளை விரித்து, அன்றைய ரொக்கத்தைக் கூட்டிக்கொண்டிருந்தார். தாளின் மேல் ஒரு பஞ்சு வந்து உட்கார்ந்தது. ஊதிவிட்டு, மறுபடி முதலிலிருந்து கூட்டினார்.

மே 23-இல் முடிவு வந்தது. அன்று தமிழ்நாட்டில் எண்ணப்பட்ட 38 தொகுதிகளில் 37 தி.மு.க. கூட்டணிக்கு. மிச்சமிருந்த அந்த ஒன்று தேனி! ரவீந்திரநாத் சுமார் 76 ஆயிரம் வாக்கு வித்தியாசத்தில் ஜெயித்தார். அதே நாளில், அதே வாக்குச்சாவடிகளில் வைத்திருந்த இன்னொரு மெஷினில், ஆண்டிபட்டிக்கு அண்ணன் மகாராஜன் 12 ஆயிரத்துச் சொச்சத்தில் ஜெயித்திருந்தார். இரண்டு பொத்தானுக்கு இரண்டு யோசனை! திண்ணைப் பெரியவர் வெற்றிலையை மடித்தபடி சிரித்திருப்பார்.

ஊரே பார்க்கும் கணக்கு என்று கணக்கு அண்ணன் சொன்னதும் பிற்பாடு வந்து நின்றது. பிரமாணப் பத்திரத்தில் சொத்து விவரங்களை முழுமையாகச் சொல்லவில்லை என்று வாக்காளர் ஒருவர் தொடுத்த வழக்கில், 2023 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் அந்த வெற்றி செல்லாது என்றது. உச்ச நீதிமன்றம் தீர்ப்பை நிறுத்திவைத்தது. 2024-இல் தேனி தங்க தமிழ்ச்செல்வனுக்குப் போனது, அப்போது அவர் தி.மு.க. வேட்பாளர். அதே தேர்தலில் அப்பா பன்னீர்செல்வம் ராமநாதபுரத்தில் பலாப்பழச் சின்னத்தில் சுயேச்சையாக நின்றார், பா.ஜ.க. ஆதரவோடு. அங்கே அதே பெயரில் இன்னும் ஐந்து பன்னீர்செல்வங்கள்! ஊர்ப் பெயரை உள்ளங்கையில் எழுதுகிற மைக் அண்ணன் அங்கே இருந்திருந்தால் சின்னத்தையும் சேர்த்து எழுதியிருப்பார்.

எனக்கோ 2022 மே 26-தான் மறக்கவில்லை. மதுரையிலிருந்து தேனிக்கு ரயில் விட்டாயிற்று என்று செய்தி வந்த நாள். படத்தில் எஞ்சினுக்கு மாலை, கும்பல், கொடி. நான் நினைத்ததெல்லாம் வருசநாடு கடைவீதியில் அந்தக் கல்லாவை. கடைக்காரர் நோட்டின் கடைசிப் பக்கத்தைத் திறந்து, பென்சிலை நாக்கில் தொட்டு, முதல் வரியின் மேல் ஒரு கோடு கிழித்திருப்பார். கீழே இரண்டு வரி இருக்கிறது. அடுத்து யார் வேன் கட்டி வந்தாலும், அவர் அந்தப் பக்கத்தைத் திருப்பிக் காட்டுவார்.